தங்க வயலில் பாழடைந்த கட்டிடங்கள்
படம் பிடிக்க வரும் இளைஞர்கள் கவனிக்க வேண்டியது என்ன?

பங்காருபேட்டையில் பிரியும் கிளைப்பாதையில் கோரமண்டல், உரிகம், சாம்பியன், மாரிக்குப்பம் என்று நிலையங்கள் வருகின்றன. விடியற்காலையில் இந்தப் பாதை வழியாக ஆயிரக்கணக்கானோர் பெங்களூருக்கு வேலைக்குப் போகிறார்கள். விடுமுறை நாட்களில் பெங்களூரில் இருந்து வேறு சிலர் இங்கே வந்து இறங்குகிறார்கள். அவர்கள் தோளில் கேமரா தொங்குகிறது.

கைவிடப்பட்ட ஆலை, மருத்துவமனை, பங்களாக்களைத் தேடிப் போய்ப் படம் எடுப்பது உலகமெங்கும் ஒரு பொழுதுபோக்காகி விட்டது. அதற்குக் கோலார் தங்கவயலை விடப் பொருத்தமான இடம் கிடைப்பது அரிது.

மூடிய சுரங்கம்

1880-ல் ஜான் டெய்லர் கம்பெனி இங்கே சுரங்கத் தொழிலைத் தொடங்கியது. 1902-லேயே சிவசமுத்திரத்தில் இருந்து மின்சாரம் வந்தது. வட ஆற்காடு, தென் ஆற்காடு, சேலம் பக்கத்தில் இருந்து தமிழர்கள் குடும்பம் குடும்பமாக வந்தார்கள். 3 கிலோமீட்டருக்கும் அதிகமான ஆழத்தில் இறங்கிப் பாறையை உடைத்தார்கள். சுமார் 800 டன் தங்கம் மேலே வந்தது. 2001 பிப்ரவரி 28-ல் சுரங்கம் மூடப்பட்டது.

இன்று துருப்பிடித்த ஷாப்ட் கோபுரங்களும், கூரை இழந்த கொட்டகைகளும், வெள்ளைக்காரர் கட்டிய பங்களாக்களும் நிற்கின்றன. பக்கத்திலேயே சயனைடு மண்மேடுகள் இருக்கின்றன.

உயிர் முக்கியம்

ஷாப்டுகளின் அடியில் தண்ணீர் நிறைந்திருக்கிறது. புதர் மூடிய குழி கண்ணுக்குத் தெரியாது. மக்கிய மரப்படியும் அரித்த இரும்புத் தளமும் ஆள் பாரம் தாங்காது. ஒரு படத்துக்காக வேலியைத் தாண்டுவது முட்டாள்தனம். அனுமதி பெற்று, உள்ளூர்க்காரர் ஒருவரை உடன் அழைத்துப் போவதே நல்லது.

ஆட்கள் இருக்கும் வீடுகள்

இன்னொன்றும் உண்டு. லைன் வீடுகள் எல்லாம் காலி வீடுகள் அல்ல. இடிந்த சுவருக்கு அடுத்த சுவரில் ஒரு குடும்பம் சோறு பொங்கிக் கொண்டிருக்கும். அந்த வீட்டுப் பெரியவர் கல்தூசியால் நுரையீரல் கெட்டு இருமிக் கொண்டிருக்கலாம். அவர் வாசலைக் கேட்காமல் படம் எடுத்து, “பேய் நகரம்” என்று பெயர் வைத்தால் அவர் மனம் என்ன பாடுபடும்?

அதே பெரியவரிடம் வணக்கம் சொல்லி நாலு வார்த்தை பேசினால் நிலைமை வேறு. எந்தக் கொட்டகையில் சம்பளம் கொடுத்தார்கள், பாறை வெடித்தபோது எந்த ஷாப்ட் வாசலில் ஊரே கூடி நின்றது என்று அவர் கைகாட்டிச் சொல்வார். அதை எழுதி, இடத்தின் பெயரும் தேதியும் போட்டு வைத்தால் அந்தப் படம் ஒரு ஆவணம். இல்லாவிட்டால் அது வெறும் இடிந்த சுவர்தான்.

தங்கவயலில் இருந்து வேலைக்குப் போகும் பிள்ளைகளே இந்தக் காரியத்தைச் செய்யலாம். அவர்களுக்கு வழி தெரியும், பாஷை தெரியும், பெரியவர்களைத் தெரியும். கட்டிடங்கள் ஒவ்வொன்றாகச் சரிகின்றன. விவரம் சொல்லக் கூடியவர்களும் ஆண்டுக்கு ஆண்டு குறைந்து வருகிறார்கள். அடுத்த ஞாயிற்றுக்கிழமையே தொடங்கி விடுவது நல்லது.