ஃபுஜியான் மாகாணத்தின் மொழிகள்: 'கிளைமொழி' என்னும் பெயரும் மொழித்தொலைவும்

ஆய்வுச் சுருக்கம்

சீனாவின் ஃபுஜியான் மாகாணத்தில் ஒன்றுக்கொன்று புரியாத பல சீனப் பேச்சுமொழிகள் வழங்குகின்றன. அவை அனைத்தும் 'ஃபாங்யான்' என்னும் ஒரே பெயரால் குறிக்கப்படுகின்றன. அம்மாகாணத்தின் சிறுபான்மை இனமான ஷெ மக்களின் பேச்சோ சீனத்தின் ஹக்காப் பிரிவுக்கு மிக அண்மையது. ஆயினும் அது இனத்தின் பெயரால் தனித்துச் சுட்டப்படுகிறது. மொழித்தொலைவு, இன அடையாளம், சட்டநிலை ஆகிய மூன்றும் தனித்தனியே ஆராயப்பட வேண்டியவை என்பதை இக்கட்டுரை விளக்குகிறது. 'ஃபாங்யான்' என்பதைத் தமிழில் 'கிளைமொழி' எனப் பெயர்ப்பதில் உள்ள இடர்ப்பாட்டையும் எடுத்துரைக்கிறது.

திறவுச்சொற்கள்: ஃபுஜியான், மின் மொழிகள், ஹக்கா, ஷெ இனம், கிளைமொழி, மொழிக்கொள்கை

முன்னுரை

ஃபுஜியான் மாகாணம் தமிழாய்வாளர்களுக்கு முற்றிலும் புதியதன்று. அங்குள்ள சுவான்சோ துறைமுக நகரில் கிடைத்த கி.பி. 1281-ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு, இடைக்காலக் கடல்வணிகம் பற்றிய ஆய்வுகளில் எடுத்தாளப்பட்டு வருகிறது. தமிழ் வரிகளின் இறுதியில் சீன எழுத்துகளும் அதில் பொறிக்கப்பட்டுள்ளன. அத்தமிழ் வணிகரைச் சூழ்ந்து வாழ்ந்த மக்களின் மொழி எது என வினவும்போது, 'சீனமொழி' என்னும் ஒற்றைப் பெயர் போதுமான விடையாக அமைவதில்லை. சுவான்சோவில் இன்று வழங்கும் பேச்சு தலைநகர் பெய்ஜிங்கின் பேச்சிலிருந்து பெரிதும் வேறுபட்டது. அதே மாகாணத்தின் தலைநகரான ஃபூசோவின் பேச்சும் சுவான்சோ மக்களுக்கு இயல்பாகப் புரிவதில்லை.

2020-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி ஃபுஜியானின் மக்கள்தொகை ஏறத்தாழ 4.15 கோடி. இம்மாகாணத்தின் பெரும்பரப்பு மலைகளாலும் குன்றுகளாலும் ஆனது. மேற்கே வூயி மலைத்தொடர் இதனை ஜியாங்சி மாகாணத்திலிருந்து பிரிக்கிறது. வடக்கிலிருந்து வெவ்வேறு காலங்களில் குடியேறிய சீனர், ஆற்றுப் பள்ளத்தாக்குகளில் தனித்தனியே நிலைகொண்டனர். மலைகள் இடையிட்டதால் ஒவ்வொரு பள்ளத்தாக்கின் பேச்சும் தன்போக்கில் வளர்ந்தது.

மின் மொழிகளின் பகுப்பு

1987-இல் வெளியான சீன மொழி நிலப்படத்தொகுப்பு சீனப் பேச்சுமொழிகளை மாண்டரின், ஜின், வூ, ஹுய், கான், சியாங், மின், யுவே, பிங்ஹுவா, ஹக்கா எனப் பத்துப் பெரும்பிரிவுகளாக வகுத்தது. ஃபுஜியானில் மேலோங்கி நிற்பது மின் பிரிவு. மேற்கில் சாங்திங், யோங்திங் முதலிய பகுதிகளில் ஹக்கா வழங்குகிறது. ஜியாங்சி எல்லையில் கான் பேச்சும், வடகோடியில் பூச்செங் பகுதியில் வூ பேச்சும் காணப்படுகின்றன.

மின் பிரிவும் ஒருமைத்தன்மை உடையதன்று. ஃபூசோவை மையமாகக் கொண்ட கிழக்கு மின், சுவான்சோ, ஜாங்சோ, சியாமென் நகரங்களின் தெற்கு மின், புதியான் பகுதியின் பூ-சியான், ஜியானோ பகுதியின் வடக்கு மின், யோங்ஆன் பகுதியின் நடு மின் ஆகியவை அதன் கிளைகள். தொடக்கத்தில் அறிஞர்கள் மின் பிரிவை வடக்கு, தெற்கு என இரண்டாகப் பகுத்தனர். பான் மாவ்திங், லி ரூலோங் முதலியோர் 1963-இல் வெளியிட்ட ஆய்வு, அடிப்படைப் பிளவு கடற்கரைக்கும் உள்நாட்டுக்கும் இடைப்பட்டது என நிறுவியது. ஃபூசோவின் பேச்சு உள்நாட்டு வடக்கு மின்னைக் காட்டிலும் தெற்குக் கடற்கரைப் பேச்சுகளுக்கு நெருக்கமானது என்பது இதனால் புலப்பட்டது. இத்தகைய நெருக்கம் வரலாற்று உறவைச் சுட்டுவதேயன்றி, பேசுவோர் ஒருவரையொருவர் புரிந்துகொள்வர் என்பதைச் சுட்டுவதன்று.

மின்னின் தொன்மைக் கூறுகள்

மின் மொழிகளைப் பிற சீனப் பேச்சுகளிலிருந்து வேறுபடுத்தும் ஒலிக்கூறுகள் பழமையானவை. சிங் காலத்து அறிஞர் சியான் தாசின் (1728–1804), தொல்சீனத்தில் பல்லிதழ் ஒலிகள் இல்லை என்றும், பிற்காலத்தில் அவ்வாறு ஒலிக்கப்பட்ட சொற்கள் முற்காலத்தில் ஈரிதழ் ஒலிகளைக் கொண்டிருந்தன என்றும் நிறுவினார். அந்நிலையை மின் இன்றும் காக்கிறது. 'பற' என்னும் பொருளுடைய சொல் மாண்டரினில் 'ஃபெய்' என ஒலிக்க, சியாமெனில் 'பே' எனவும் ஃபூசோவில் 'புய்' எனவும் ஒலிக்கிறது.

தேயிலையைக் குறிக்கும் சொல் மற்றுமொரு சான்று. மாண்டரினில் 'சா' என வழங்கும் அச்சொல், சியாமெனில் 'தே' எனவும் ஃபூசோவில் 'தா' எனவும் வழங்குகிறது. இங்கும் பழைய பல்லொலியை மின் காத்துள்ளது. தெற்கு மின்னின் 'தே' என்னும் வடிவம் டச்சு வணிகர் வழியாக மேற்கு ஐரோப்பாவில் பரவியது. தமிழின் 'தேயிலை', 'தேநீர்' ஆகிய தொடர்களின் முதலுறுப்பு இறுதியில் இவ்வடிவத்தையே சென்றடைகிறது. 'சாயா' என்பது மற்றைய வடிவத்தின் வழிவந்தது.

சொற்கோவையிலும் வேறுபாடு ஆழமானது. உணவுக்குச்சியை மாண்டரின் 'குவாய்சி' என்கிறது. ஜாங்சோவில் வழங்கும் 'தீ' என்பது பழஞ்சீன நூல்களில் பயிலும் சொல்லின் தொடர்ச்சி. மாண்டரினில் 'நட' எனப் பொருள்படும் சொல், மின்னில் 'ஓடு' என்னும் பழம்பொருளைத் தாங்கி நிற்கிறது. மாண்டரினில் நான்கு தொனிகள் உள்ளன. ஃபூசோவிலும் சியாமெனிலும் ஏழு தொனிகள் உள்ளன. ஃபூசோப் பேச்சில் இரு சொற்கள் இணையும்போது வருமொழியின் முதல்மெய் திரிகிறது. தமிழ்ப் புணர்ச்சியை அறிந்தோர்க்கு இது வியப்பளிப்பதன்று.

இப்பேச்சுகளுக்கு எழுத்துமரபும் உண்டு. 1749-இல் தொகுக்கப்பெற்ற ஃபூசோ ஒலியகராதியும், 1800-இல் தோன்றிய சுவான்சோ ஒலியகராதியும் உள்ளூர் ஒலிப்பை முறைப்படுத்தின. கார்ஸ்டேர்ஸ் டக்ளஸ் என்னும் சமயப் பணியாளர் சியாமென் பேச்சுக்கு உரோமன் எழுத்தில் அகராதி தொகுத்து 1873-இல் வெளியிட்டார். ஆகவே, எழுத்து வழக்கு அற்றவை என்னும் காரணம் காட்டி இவற்றைக் கிளைமொழிகள் எனல் பொருந்தாது.

சிறுபான்மை இனங்களும் மொழியும்

மின் பேசுவோர் பெரும்பாலும் ஹான் இனத்தவர். ஃபுஜியானின் முதன்மையான சிறுபான்மை இனம் ஷெ. 1956-இல் இவ்வினம் தனித்த இனமாக அரசால் ஏற்கப்பட்டது. சீனா முழுவதிலும் 7 இலட்சத்துக்கு மேற்பட்ட ஷெ மக்கள் உள்ளனர். அவர்களுள் ஏறத்தாழப் பாதியினர் ஃபுஜியானில், சிறப்பாக நிங்தே வட்டாரத்தின் ஃபூஆன், சியாபூ, ஃபூதிங் பகுதிகளில் வாழ்கின்றனர்.

இம்மக்களின் பேச்சு ஹக்காவுடன் நெருங்கிய ஒற்றுமை உடையது. இடைக்காலச் சீனத்தின் ஒலிப்புடை வெடிப்பொலிகள் ஹக்காவில் மூச்சொலியுடன் கூடிய வெடிப்பொலிகளாக மாறின. ஷெ பேச்சிலும் இம்மாற்றமே காணப்படுகிறது. ஷெ மக்கள் தம்மை 'மலைவிருந்தினர்' எனப் பொருள்படும் பெயரால் அழைத்துக்கொள்கின்றனர். 'விருந்தினர் குடி' எனப் பொருள்படும் 'ஹக்கா' என்னும் பெயரிலும் அதே சொல் அமைந்துள்ளது. தம்முள் ஷெ பேச்சையும், அண்டை ஊராருடன் உள்ளூர் மின்னையும் பயன்படுத்தும் இருமொழியாளர் இவர்கள்.

சீனத்தோடு இன உறவற்ற ஷெ மொழி ஒன்றும் உண்டு. அது ஃபுஜியானில் வழங்குவதில்லை. அண்டை மாகாணமான குவாங்தோங்கின் போலுவோ, ஹுய்தோங் முதலிய பகுதிகளில் மிகச் சிறிய குழுவினர் பேசும் அம்மொழி, ஹ்மோங்-மியன் குடும்பத்தைச் சேர்ந்தது. மாவ் சோங்வூ, மெங் சாவ்ஜி ஆகியோர் 1986-இல் அதன் அமைப்பை நூலாக வெளியிட்டனர். சீன மொழியியலாளர் பலர் குவாங்தோங் மொழியை 'ஷெ யூ' (ஷெ மொழி) எனவும், ஃபுஜியான் பேச்சை 'ஷெ ஹுவா' (ஷெ பேச்சு) எனவும் வேறுபடுத்துவர். பொதுவழக்கில் இவ்வேறுபாடு மங்கி, ஃபுஜியான் பேச்சும் இனத்தின் மொழியாகவே கொள்ளப்படுகிறது.

இதற்கு மறுதலையான நிலை சுவான்சோவில் உள்ளது. சென்தாயின் திங் குடியினரும் பாய்ச்சியின் குவோ குடியினரும் முற்காலத்தில் கடல்வழி வந்த முஸ்லிம் வணிகரின் வழியினர். இன்று ஹுய் இனத்தவராக ஏற்கப்பட்டுள்ளனர். இவர்களின் மொழி, ஹான் அண்டை வீட்டாரின் தெற்கு மின்னேயாகும். இனம் வேறு, மொழி ஒன்று.

மூன்றாவது நிலையும் உண்டு. மின் பேச்சுகளால் சூழப்பட்ட நான்பிங் நகரில், மிங் காலப் படைவீரர் வழிவந்த மாண்டரின் பேச்சு தீவுபோல் எஞ்சியுள்ளது. ஃபூசோவுக்கு அருகிலுள்ள சின்ஜியாங் ஊரில், 18-ஆம் நூற்றாண்டில் நிறுத்தப்பட்ட மஞ்சுக் கடற்படையினரின் வழியினரிடத்தும் மாண்டரின் சார்ந்த பேச்சு வழங்கியது. மஞ்சு இனத்தவரெனினும் அவர்கள் காத்த பேச்சு மஞ்சு மொழியன்று.

பெயரும் உரிமையும்

இப்பெயரீடு கலைச்சொல் அளவில் நின்றுவிடுவதில்லை. ஃபுஜியான், குவாங்தோங் அதிகாரிகளின் பேச்சு அரசவையில் புரியவில்லை என்பதால் யோங்செங் பேரரசர் 1728-இல் ஆணை பிறப்பித்தார். ஒலிப்பைத் திருத்தும் பள்ளிகள் அவ்விரு மாகாணங்களிலும் நிறுவப்பட்டன. 1956-இல் மக்கள் சீனக் குடியரசு, புதோங்ஹுவா எனப்படும் பொதுப்பேச்சைப் பரப்ப ஆணையிட்டது. பல பேச்சுகள் கலந்து வழங்கும் ஃபுஜியானின் தாதியென் மாவட்டம், 1958-இல் இப்பணிக்கு முன்மாதிரியாகப் போற்றப்பட்டது.

1982-ஆம் ஆண்டு அரசமைப்புச் சட்டத்தின் 4-ஆம் உறுப்பு, எல்லா இனங்களுக்கும் தத்தம் மொழியையும் எழுத்தையும் பயன்படுத்தி வளர்க்கும் உரிமையை வழங்குகிறது. அதே சட்டத்தின் 19-ஆம் உறுப்பு பொதுப்பேச்சைப் பரப்ப வலியுறுத்துகிறது. 2000-இல் நிறைவேறிய பொதுமொழிச் சட்டம், ஒப்புதல் பெற்ற ஒலிபரப்பு, நாடகம், ஆய்வு முதலிய குறிப்பிட்ட தேவைகளுக்கு மட்டுமே ஃபாங்யானுக்கு இடமளித்தது. ஒரு பேச்சு இனத்தின் மொழி எனப் பெயர் பெற்றால் உரிமைக்குரியதாகிறது. ஃபாங்யான் எனப் பெயர் பெற்றால் விலக்கின்பாற்பட்டு வாழ்கிறது. பல இலட்சம் பேர் பேசும் ஃபூசோ மொழி இவ்வகையில் ஷெ பேச்சினும் தாழ்ந்த சட்டநிலையில் உள்ளது. ஆயினும் தனியெழுத்து மரபின்றிச் சீன எழுத்துகளிலேயே தன் பாடல்களை எழுதிவைத்த ஷெ பேச்சுக்கு, அவ்வுரிமை பள்ளி மொழியாகும் வாய்ப்பைத் தந்துவிடவில்லை.

இரண்டும் பண்பாட்டு மரபு என்னும் வாயில் வழியாகவே ஏற்புப் பெற்றன. ஷெ நாட்டார் பாடல்கள் 2006-இல் தேசிய மரபுரிமைப் பட்டியலில் சேர்ந்தன. சுவான்சோ ஒலிப்பில் பாடப்பெறும் நான்யின் இசை 2009-இல் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பெற்றது. 2015-இல் தொடங்கிய அரசின் மொழிவளப் பாதுகாப்புத் திட்டம், ஃபாங்யான்களையும் சிறுபான்மை மொழிகளையும் ஒருங்கே பதிவு செய்தது. நீரிணையின் மறுகரையில் தைவான் 2019-இல் இயற்றிய சட்டமோ, அங்குள்ள இனக்குழுக்களின் இயல்மொழிகள் யாவற்றையும் தேசிய மொழிகளாக ஏற்றது. ஒரே தெற்கு மின், ஒரு கரையில் ஃபாங்யான். மறுகரையில் தேசிய மொழிகளுள் ஒன்று.

தமிழில் கலைச்சொல்

'ஃபாங்' என்பது இடத்தையும் திசையையும், 'யான்' என்பது பேச்சையும் குறிக்கும். யாங் சியோங் (கி.மு. 53 – கி.பி. 18) தொகுத்த வட்டாரச் சொல்லகராதி இப்பெயரையே தாங்கியது. சொற்பொருள் நிலையில் தொல்காப்பியரின் 'திசைச்சொல்' இதற்கு நெருங்கி வருகிறது. இரண்டும் வழங்கும் இடத்தைச் சுட்டுகின்றனவேயன்றிக் கிளைத்தலைச் சுட்டவில்லை. தற்கால மொழியியலில் 'கிளைமொழி' என்பது, பேசுவோர் ஒருவரையொருவர் புரிந்துகொள்ளும் வேறுபாடுகளையே பெரும்பாலும் உணர்த்தும். அச்சொல்லை ஃபாங்யானுக்கு ஆளும்போது, ஃபூசோவும் சியாமெனும் தம்முள் எளிதில் புரியும் பேச்சுகள் என்னும் பிழையான கருத்துத் தமிழ் வாசகரிடம் ஏற்படும். விக்டர் மேயர் 1991-இல் ஆங்கிலத்தில் இவ்விடர்ப்பாட்டைச் சுட்டி, 'இடம்' என்னும் பொருளுடைய கிரேக்க வேர்ச்சொல்லால் புதிய கலைச்சொல் ஒன்றை முன்மொழிந்தார். தமிழில் 'இடமொழி' என்பது அதே பணியை ஆற்ற வல்லது.

முடிவுரை

ஃபுஜியானின் சான்றுகள் வழி பின்வரும் முடிவுகள் பெறப்படுகின்றன:

1. மின் மொழிகள் தம்முள் மொழித்தொலைவு மிக்கவை; பேசுவோரின் இன ஒருமையால் ஃபாங்யான் எனப்படுகின்றன.
2. ஷெ பேச்சு ஹக்காவுக்கு அண்மையது. பேசுவோரின் இன வேறுபாட்டால் தனித்துச் சுட்டப்படுகிறது.
3. ஹுய், மஞ்சு வழியினரின் நிலை, இன அடையாளம் தனிமொழியின்றியும் நிலைபெறும் என்பதைக் காட்டுகிறது.
4. சட்டநிலை, மொழித்தொலைவை அளவுகோலாகக் கொள்வதில்லை.

ஆகவே, ஒரு பேச்சை 'மொழி' என்றோ 'கிளைமொழி' என்றோ குறிக்குமுன், அப்பெயர் மொழியமைப்பிலிருந்து பிறந்ததா, இனப்பட்டியலிலிருந்து பிறந்ததா என வினவுதல் இன்றியமையாதது. சீன மொழிகள் பற்றித் தமிழில் எழுதப்படும் ஆய்வுகள் இவ்வினாவிலிருந்து தொடங்குமாயின், மூலத்தின் அரசியல் வகைப்பாடு மொழியியல் உண்மையாகத் தமிழுக்குள் நுழைவது தவிர்க்கப்படும்.