மரத்தேரைகள்

தேரை மோந்த தேங்காய் என்பது எம்மவரிடை வழங்கும் சொற்றொடர். உள்ளீடின்றி வற்றிய தேங்காய்க்குத் தேரைமேற் பழி சுமத்துதல் நெடுங்கால வழக்கம். மட்டையையும் சிரட்டையையும் கடந்து உட்புகும் ஆற்றல் எத்தேரைக்கும் இல்லை. ஆயினும் தேரை மரத்திலே வாழும் என்னும் உண்மை அச்சொற்றொடரிற் பொதிந்து கிடக்கின்றது. அத்தகைய தேரைகளை விலங்கியலார் எங்ஙனம் வகுத்துள்ளனர் என்பதை ஈண்டு நோக்குவாம்.

ஆசியாவிலும் ஆபிரிக்காவிலும் வாழும் மரத்தேரைக் குடும்பங்களுள் ஒன்று இராக்கோபோரிடே. இலங்கையில் அதன் சாதிகள் மூன்று உள: பொலிப்பெடேற்றிசு, தருகா, சூடோபிலோற்றசு. இவற்றுள் தருகா என்பது 2010ஆம் ஆண்டில் இடப்பெற்ற பெயர். மரமேறி எனப் பொருள்படுவது. தரு என்பது மரமென்று தமிழ் மாணவர்க்கு நாம் சொல்லவேண்டுவதில்லை. இலத்தீனும் கிரேக்கமும் நிறைந்த பெயர்ப்பட்டியலிலே இப்படியொரு சொல்லைக் காணுதல் எமக்கு மகிழ்ச்சி தருவதே.

இக்குடும்பத்தின் சிறப்பெல்லாம் விரல் நுனியில் உள்ளது. ஒவ்வொரு விரலும் தட்டையான வட்டில் ஒன்றில் முடிகின்றது. அவ்வட்டு உறிஞ்சியிழுத்துப் பற்றுவதாகப் பலர் எண்ணுவர், அஃது உண்மையன்று. அதன் அடிப்பரப்பிலே அறுகோணக் கலங்கள் நெருங்கி நிற்க, அவற்றிடையேயுள்ள நுண்ணிய கால்வாய்களில் வழுவழுப்பான நீர்மம் பரவியிருக்கும். நனைந்த தாள் கண்ணாடியில் ஒட்டுமாறுபோலத் தேரையும் ஒட்டுகின்றது. இறுதி விரலென்புக்கும் அதனையடுத்த என்புக்கும் இடையே சிறு கசியிழையத் துண்டொன்று உண்டு. அதனாற் கால் எப்பக்கம் திரும்பினும் வட்டு பரப்பைவிட்டு அகலாது.

அமெரிக்க நாடுகளில் மிகுந்து வாழும் ஐலிடே குடும்பத்துத் தேரைகளுக்கும் வட்டும் அக்கசியிழையமும் உண்டு. எனினும் தோள்வளையத்தை அறுத்து நோக்கின் வேற்றுமை புலனாகும். அவற்றில் வளையத்தின் இரு பாதிகளும் ஒன்றன்மேலொன்று படிந்து அசையும். எம் நாட்டினவற்றில் நடுவே பொருந்தி நிற்கும். ஒரே தொழில் ஒரே வடிவத்தைத் தந்தது, உறவு தந்ததன்று. சிறகிருத்தலால் வௌவால் பறவையாகாதன்றோ?

கிணற்றடியிலும் குளியலறைச் சுவரிலும் நாம் காண்பது பொலிப்பெடேற்றிசு மக்குலேற்றசு. அதன் உடன்சாதியான குரூசிகரில் தலைத்தோல் மண்டையோட்டோடு ஒன்றிப்போயிருக்கும். மக்குலேற்றசில் அது தனித்திருக்கும். பெண் ஆணினும் பெரியது. தான் சுரக்கும் நீர்மத்தைப் பின்னங்கால்களால் அடித்து நுரையாக்கி, நீர்நிலைக்கு மேலே அந்நுரைக் கூட்டில் முட்டையிடும். பொரித்த வாற்பேத்தைகள் கீழேயுள்ள நீரில் விழுந்து வளரும். தருகாவும் நுரைக்கூடு கட்டுவதே; குதிகாலிலுள்ள கூம்புபோன்ற முனைப்பு அதனைப் பிரித்தறிய உதவும்.

சூடோபிலோற்றசோ பாடநூல் கூறும் வாழ்க்கை வட்டத்துக்கு அடங்காதது. இதற்கு நீந்தும் வாற்பேத்தைப் பருவமே இல்லை. பெரும்பாலான இனங்களிற் பெண் ஈரமண்ணைத் தோண்டி முட்டைகளை அதிற் புதைக்கும். சில இனங்கள் இலையில் இடும். முட்டையினுள்ளேயே உருமாறிச் சிறு தேரையாகவே குஞ்சு வெளிவரும். குளமோ ஓடையோ இதற்கு வேண்டுவதில்லை. காட்டின் ஈரமே போதும். அவ்வீரம் வற்றினாலோ முட்டைக்குப் பிழைப்பில்லை.

இச்சாதிக்குள் இனங்கள் பல. 2005ஆம் ஆண்டில் ஒரே நூலில் 27 புதிய இனங்கள் விவரிக்கப்பெற்றன. கண்ணுக்கு ஒன்றுபோல் தோன்றுவனவற்றை ஒலியாலும் தோலாலும் மரபுப்பொருளாலும் பிரித்தனர். அப்பணியிற் பழைய அருங்காட்சியகப் புட்டிகளைத் திறந்தவர்க்கு வேறோர் உண்மையும் தெரிந்தது. 19ஆம் நூற்றாண்டிற் சேர்க்கப்பெற்ற இனங்கள் பல இன்று காடுகளில் இல்லை. கோப்பிக்கும் தேயிலைக்குமாக மலைக்காடுகள் வெட்டப்பட்ட காலம் அது. 1864இற் கியூந்தர் விவரித்த தெம்போராலிசு என்னும் இனத்தை வைத்தே 1943இல் இச்சாதிப்பெயர் அமைந்தது. பெயருக்கு மூலமான அவ்வினம் அற்றுப்போனதாகவே கொள்ளப்படுகின்றது. சாதி வாழ்கின்றது, அதற்குச் சான்றான உயிர் புட்டியில் மட்டுமே உளது.

விதிவிலக்கும் உண்டு. இலங்கையிற் பிறந்த மருத்துவர் கெலாட் 1853இல் விண்மீன்போற் புள்ளிகளுடையதெனப் பொருள்படும் தெல்லாற்றசு என்னும் பெயரில் ஓரினத்தை விவரித்தார். அதன்பின் ஒருவரும் அதனைக் கண்டிலர். அற்றதென்றே எழுதியும் வைத்தனர். 2009இற் சிவனொளிபாதமலைக் காட்டில் அது உயிரோடு காணப்பட்டது. அச்செய்தி 2013இல் வெளிவந்தது.