ரங்கூனிலிருந்து நடந்து வர முடியுமா?



ஆண்டு மலருக்குக் கட்டுரை கேட்டபோது, "டெக்னிக்கலா ஏதாவது எழுதுப்பா" என்றார்கள். லேத், மில்லிங் பற்றி என்னைவிட நன்றாக எழுத சீனியர்கள் இருக்கிறார்கள். நான் பாடப் புத்தகம் அல்லாத புத்தகங்களைப் பற்றி எழுதுகிறேன். "எங்கே ஆரம்பிக்கிறது, எதைப் படிக்கிறது?" என்று கேட்பவர்களுக்காக இது. போன வருஷம் வரை நானும் அப்படிக் கேட்டவன்தான்.

எங்கள் வீட்டில் எழுத்து என்று இருந்தது காலண்டரும் ரேஷன் கார்டும்தான். ஆனால் கதைக்குப் பஞ்சமில்லை. எங்க அப்பத்தா அடிக்கடி ஒன்று சொல்லும்: "எங்கய்யா ரங்கூன்ல இருந்து நடந்தே வந்தாருடா." அதனுடைய அப்பாவைத்தான் அப்படிச் சொல்லும். பர்மாவில் ஒரு வட்டிக்கடையில் சமையலாளாக இருந்தவராம். நான் சிரிப்பேன். "அப்பத்தா, நடுவுல கடல் கெடக்கு. கடல் மேலயா நடந்தாரு?" என்பேன். அது ஒன்றும் பேசாமல் வெற்றிலையை மடிக்கும்.

ஒருநாள் பஸ்ஸை விட்டுவிட்டு, அடுத்த பஸ் வரும்வரை நூலகத்தில் உட்கார்ந்திருந்தேன். அலமாரியில் ஒரு புத்தகத்தின் பெயரைப் பார்த்ததும் கை நின்றுவிட்டது. 'எனது பர்மா வழி நடைப் பயணம்'. எழுதியவர் வெ. சாமிநாத சர்மா. ரங்கூனில் 'ஜோதி' என்ற தமிழ்ப் பத்திரிகையை நடத்தியவர். 1942-ல் ஜப்பான்காரன் படையெடுத்து வந்தபோது மனைவியோடு கிளம்பி, காடு மலை தாண்டி இந்தியா வந்து சேர்ந்த கதையை அவரே எழுதியிருக்கிறார்.

அப்போ நடந்து வரலாம்! மேப்பை எடுத்துப் பார்த்தேன். கடல் இருப்பது உண்மை. ஆனால் வடக்கே பர்மாவும் மணிப்பூரும் தரைவழியாக ஒட்டிக்கொண்டிருக்கின்றன. ஒன்பதாம் வகுப்பில் இந்த மேப்பில்தான் கலர் அடித்தேன், இதைப் பார்க்கவில்லை.

இதற்குப் பெயர் தன்வரலாறு, நினைவுக் குறிப்பு. பட்டவர் தன் வாயால் சொல்வது. அதன் பலம் அதுதான். ஆனால் ஒருவர் கண்ணுக்குப் பட்டது மட்டும்தான் அதில் இருக்கும். நம்ம ஊர்க்காரர்கள் ஏன் பர்மாவுக்குப் போனார்கள், ஏன் ஓடி வந்தார்கள் என்ற முழுக்கணக்கு வேண்டுமென்றால் பக்கத்து அலமாரிக்குப் போக வேண்டும்.

அது வரலாறு. அங்கேதான் விஷயம் பிடிபட்டது. கீழ்ப் பர்மாவில் நெல் விளைய விளைய, விவசாயிக்குக் கடன் தேவைப்பட்டது. நம்ம பக்கத்து நகரத்தார் அங்கே வட்டிக்கடை போட்டார்கள். மேலாள், அடுத்தாள், பெட்டியடிப் பையன், சமையலாள் என்று ஊரிலிருந்தே ஆட்கள் போனார்கள். 1929-க்குப் பிறகு உலகம் முழுக்க மந்தம் வந்து நெல் விலை விழுந்தது. கடனைக் கட்ட முடியாதவர்களின் நிலம் கடைக்காரர் கைக்கு வந்தது. முக்கியமான 13 நெல் மாவட்டங்களில் 1930 வாக்கில் நூற்றுக்கு 6 பங்கு நிலம் அவர்களிடம் இருந்தது. அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் 25 பங்கு ஆகிவிட்டது. பர்மா விவசாயிக்குக் கோபம் வராமல் இருக்குமா? 1941 டிசம்பர் 23-ல் ரங்கூனில் குண்டு விழுந்தது. 1942 மார்ச் 8-ல் ஊரே ஜப்பான் கைக்குப் போனது. லட்சக்கணக்கான இந்தியர்கள் ஊரைப் பார்க்கக் கிளம்பினார்கள். வழியில் காலராவிலும் பட்டினியிலும் செத்தவர்கள் பல ஆயிரம்.

ஊரில் பெரிய வீடுகளின் பர்மாத் தேக்குத் தூண்களைப் பார்த்து வாய் பிளந்திருக்கிறோம். அந்தத் தேக்குக்குப் பின்னால் இப்படி இரண்டு பக்கமும் கண்ணீர் இருந்தது என்று எனக்கு வரலாறுதான் சொன்னது.

ஆனால் வரலாற்றில் லட்சம் பேர் வருவார்கள். ஒருத்தர் முகமும் தெரியாது. அந்த முகத்தைக் காட்டுவது நாவல். நம்ம சிங்கம்புணரியில் 1920-ல் பிறந்த ப. சிங்காரம் பதினெட்டு வயதில், அதாவது இப்போ என் வயதில், இந்தோனேசியாவின் மேடான் நகரத்துக்குக் கடை வேலைக்குப் போனார். போர் முடிந்து 1946-ல் திரும்பினார். 'கடலுக்கு அப்பால்' (1959), 'புயலிலே ஒரு தோணி' (1972) என்று இரண்டே நாவல்கள். இரண்டாவதில் பாண்டியன் என்ற இளைஞன் மேடானிலிருந்து தோணியில் பினாங்கு போகிறான், நேதாஜி படையில் சேருகிறான். குண்டுச் சத்தத்துக்கு நடுவே அவன் மனசு மதுரைத் தெருக்களில் அலைகிறது. அக்கரையில் இருப்பவனுக்கு ஊர் நினைப்பு எப்படி வரும் என்பதை எந்தப் புள்ளிவிவரத்திலும் பார்க்க முடியாது.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். முதல் தடவை இருபது பக்கத்தில் மூடி வைத்துவிட்டேன். மலாய்ச் சொல், சீனச் சொல், திடீரென்று மதுரை! ஒன்றும் புரியவில்லை. 'நமக்குப் படிப்பு வாசனை இல்லை, அதான்' என்று தோன்றியது. என்னைக் காப்பாற்றியது நான்காவது வகை, இலக்கிய விமர்சனம். விமர்சனம் என்றால் குறை சொல்வது என்றுதான் நினைத்திருந்தேன். அந்த நாவலைப் பற்றிய ஒரு கட்டுரையைப் படித்தபோது, தாவித் தாவிப் போவது பாண்டியனின் மனசு ஓடும் விதம் என்று புரிந்தது. மறுபடி எடுத்தேன், முடித்தேன். வெளிவந்த காலத்தில் இந்த நாவலைக் கவனித்தவர்கள் குறைவு. விமர்சகர்கள் திரும்பத் திரும்ப எழுதித்தான் பலர் கைக்கு வந்தது. நல்ல விமர்சகர், பஸ்ஸில் நமக்கு இடம் பிடித்து வைத்திருக்கும் சிநேகிதன் மாதிரி. எதைப் படிப்பது என்று தெரியாதவர்கள் க.நா.சு. எழுதிய 'படித்திருக்கிறீர்களா?' புத்தகத்திலிருந்து ஆரம்பிக்கலாம்.

நம்ம பாஷையில் சொன்னால், இது இன்ஜினியரிங் டிராயிங். ஒரே பொருளுக்குப் பிளான், எலிவேஷன், சைடு வியூ, செக்‌ஷன் எல்லாம் போடுகிறோம். ஒரு வியூவை மட்டும் பார்த்து ஜாப் செய்தால் மெட்டீரியல் வீண். புத்தகமும் அப்படித்தான். ஒரே விஷயத்தை நாலு வகைப் புத்தகத்தில் பாருங்கள்.

புத்தகத்துக்குக் காசு? நூலகம் நம்ம காசில் நடப்பது. 1948-ல் வந்த பொது நூலகச் சட்டப்படி, வீட்டு வரியோடு நூலக வரியும் வசூலாகிறது. சர்மாவின் எழுத்துகள் நாட்டுடைமை ஆகிவிட்டன. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்நூலகத்தில் போனிலேயே படிக்கலாம். காரைக்குடி பக்கத்துக் கோட்டையூரில் ரோஜா முத்தையா என்பவர் ஏறக்குறைய ஒரு லட்சம் புத்தகங்களையும் இதழ்களையும் சேர்த்து வைத்தார். அவர் 1992-ல் காலமான பிறகு, 1994-ல் சிகாகோ பல்கலைக்கழகம் அவற்றை வாங்கியது. அதிலிருந்து உருவான ஆராய்ச்சி நூலகம் இன்று சென்னையில் இருக்கிறது. விளம்பரப் பலகை எழுதும் ஓவியர் சேர்த்த சேமிப்பு அது!

கடைசியாக ஒன்று. சர்மா பத்திரிகை ஆசிரியர், எழுதினார். சிங்காரம் எழுதினார். அதே வழியில் நடந்த சமையலாள் எழுதவில்லை. அவருக்குக் கையெழுத்துப் போடவே தெரியாது. நான்கு அலமாரியிலும் அவர் இல்லை. அப்பத்தா வாயில்தான் இருக்கிறார்.

போன பொங்கலுக்கு அப்பத்தா பக்கத்தில் உட்கார்ந்து, "உங்கய்யா நடந்து வந்தது நெசந்தான், நாந்தான் தெரியாமப் பேசிட்டேன்" என்றேன். அது என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தது. "புஸ்தகத்துல போட்டிருந்தாத்தான் நம்புவியாக்கும்" என்றது. பிறகு, வழியில் அவர் மூங்கில் குருத்தைத் தின்று பசி ஆற்றியதைச் சொல்ல ஆரம்பித்தது. நான் டிராயிங் நோட்டின் கடைசிப் பக்கத்தில் எழுத ஆரம்பித்தேன். இப்போது தனி நோட்டே போட்டாகிவிட்டது. பதினோரு பக்கம் வந்திருக்கிறது.

உங்கள் வீட்டிலும் ஒரு அப்பத்தா இருக்கும். இந்த லீவில் கேட்டு எழுதுங்கள்.

— இரண்டாம் ஆண்டு, இயந்திரவியல் துறை,
கல்லல்.