தோட்டத்திற் செழிக்கும் மரம் தாயகத்தில் அருகுகின்றது

ஒரு பொருள் எங்கும் காணப்படுமாயின் அதற்கு அழிவில்லை என நாம் எண்ணுவது இயல்பு. அவ்வெண்ணம் எத்துணைப் பிழையானது என்பதை ஐரோப்பாவிலே வளரும் ஒரு மரத்தின் வரலாறு நமக்கு உணர்த்துகின்றது. ஒமோரிக்கா என்பது அதன் பெயர். சேர்பிய ஸ்புறூஸ் என்றும் அதனை அழைப்பர்.

ஸ்புறூஸ் என்பது கூம்புக்காய் காய்க்கும் ஊசியிலை மரங்களுள் ஓரினம். நமது மலைநாட்டிலே நட்டு வளர்க்கப்படும் பைன் மரங்களைக் கண்டோர் இக்குலத்தின் தோற்றத்தை ஓரளவு ஊகித்துக்கொள்ளலாம். வட பூகோளத்தின் குளிர்நாடுகளிலே ஏறக்குறைய 35 வகை ஸ்புறூஸ் மரங்கள் உள்ளன. அவற்றுட் பல, ஆயிரக்கணக்கான மைல் பரந்த பெருங்காடுகளாய் நிற்பன. ஒமோரிக்காவோ சேர்பியாவின் மேற்கு எல்லையிலும், அதனையடுத்த பொஸ்னியாவின் கிழக்குப் பகுதியிலும், திரீனா நதி ஓடும் மலைப்பள்ளத்தாக்கின் அயலிலே மாத்திரம் இயற்கையாக வளர்கின்றது. ஆங்காங்கே சிதறிக் கிடக்கும் அதன் தோப்புக்கள் யாவற்றையும் ஒன்றுசேர்த்தாலும் சுமார் 60 ஹெக்டேயர், அதாவது 150 ஏக்கர் அளவே தேறும். நம்மூர் வயல்வெளி ஒன்றினுள் அடங்கிவிடக்கூடிய பரப்பு அது!

இம்மரத்தை அறிவியலுலகுக்கு அறிமுகஞ்செய்தவர் யோசிப் பாஞ்சிச் (1814–1888) என்னும் பேரறிஞர். வைத்தியம் பயின்ற இவர், பெல்கிறேட் நகரில் இயற்கை விஞ்ஞானம் கற்பிக்கும் ஆசிரியரானார். மலைதோறும் அலைந்து செடிகொடிகளைச் சேகரிப்பதே இவருக்குப் பேரின்பம். 1875ஆம் ஆண்டில் தாரா மலைப்பகுதியிலுள்ள சாவோவினே என்னும் ஊரின் அயலிலே இம்மரத்தைக் கண்டறிந்தார். அடுத்த ஆண்டு அதனைப் புதிய இனமாக விவரித்து வெளியிட்டார். ஊர்மக்கள் வழங்கிய ஒமோரிக்கா என்னும் பெயரையே அறிவியற் பெயரிலும் நிலைநிறுத்தினார் என்பது குறிப்பிடத்தக்கது. அம்மக்கள் தலைமுறை தலைமுறையாக அறிந்திருந்த மரத்தையே ஐரோப்பிய அறிஞருலகம் அன்றுதான் அறிந்துகொண்டது.

இனி, அதன் அழகைக் காண்போம். ஏனைய ஸ்புறூஸ் மரங்கள் அடியிலே அகன்று விரிவன. ஒமோரிக்காவோ கோபுரக் கலசத்தின் நுனியைப்போல ஒடுங்கி நெடிதுயர்வது. 40 மீற்றர் வரையும் வளரவல்லது. அதன் கிளைகள் கீழ்நோக்கித் தாழ்ந்து, நுனியிலே மட்டும் மெல்ல மேல்நோக்கி வளையும். தட்டையான ஊசியிலைகளின் மேற்புறம் கரும்பச்சையாய்ப் பளபளக்கும். அடிப்புறத்திலே வெண்கோடுகள் இரண்டு ஓடும். காற்று வீசும்போது பச்சையும் வெள்ளியும் மாறிமாறித் தோன்றும். இளங்காய்களின் ஊதாநிறம் அதற்கு மேலுமோர் அணியாகும். இவ்வொடுங்கிய வடிவம் வீண் அலங்காரமன்று. உறைபனி மிக்க மலையிலே பனிப்பாரம் கிளைகளில் தங்காது வழுக்கி விழுவதற்கு அது உதவுகின்றது.

மலைக்கு உதவிய வடிவமே நகரத் தோட்டத்துக்கும் வாய்ப்பாயிற்று. சிறிய முற்றத்திலும் இடத்தை அடைத்துக்கொள்ளாது ஓங்கி நிற்கும். நகரத்துப் புகையையும் தூசியையும் ஏனைய ஊசியிலை மரங்கள் பலவற்றினும் நன்கு தாங்கும். சுண்ணாம்பு நிலத்திலும் வளரும். எனவே யேர்மனி, பிரித்தானியா முதலிய நாடுகளிலும் அத்திலாந்திக்குக்கு அப்பாலும் பூங்காக்களிலும் தெருவோரங்களிலும் இதனை விரும்பி நட்டனர். நத்தார் மரமாகவும் இது விலைப்படுகின்றது. கற்பாறைத் தோட்டங்களுக்கேற்ற குட்டை வகையொன்றும் உண்டு.

அவ்வாறாயின், தாயகத்திலே அது அருகுவது ஏன்? போட்டியைத் தாங்க இயலாத மரம் அது. அதன் நாற்று வளர்வதற்கு வெளிச்சம் வேண்டும். பீச், நோர்வே ஸ்புறூஸ் முதலிய வலிய மரங்கள் செறிந்து நிழலிட்டால் ஒமோரிக்காவின் குஞ்சுகள் தலையெடுக்கமாட்டா. பனியூழிக் காலத்துக்கு முன்னர் ஐரோப்பாவிற் பரவியிருந்த அதன் குலம், பிற மரங்கள் ஏற அஞ்சும் செங்குத்தான சுண்ணாம்புப் பாறைகளிலே இறுதியாக ஒதுங்கியது. காட்டுத்தீயால் நிலம் வெளித்தால் அங்கே புதிய தலைமுறை தோன்றும். இல்லையேல் முதுமரங்களே எஞ்சும். அண்மைக்காலக் கோடை வறட்சிகளோ அம்முதுமரங்களையும் காயவைக்கின்றன. இயற்கைப் பாதுகாப்புக்கான சர்வதேச ஒன்றியம் இதனை அழிவாபத்துக்குள்ளான இனங்களின் வரிசையிற் சேர்த்துள்ளது.

உலகத் தோட்டங்களில் இத்துணை மரங்கள் இருக்கையில், மலையிலுள்ளவை அழிந்தால் என்ன என்று மாணவர் வினவக்கூடும். தோட்டக்காரன் களையகற்றி, போட்டியை விலக்கி, வெளிச்சம் தருகின்றான். ஆகவே மரம் செழிக்கின்றது. ஆனால் அங்கே அது தானாகப் பெருகி ஒரு காடாவதில்லை. அன்றியும், அயலில் நிற்கும் பிற ஸ்புறூஸ் இனங்களோடு மகரந்தம் கலந்து கலப்பு நாற்றுக்களும் தோன்றலாம். மலைத்தோப்பு ஒவ்வொன்றிலும் காலங்காலமாகச் சேர்ந்திருக்கும் பரம்பரைச் செல்வத்தை ஓரிரு நாற்றுமேடைகளிலிருந்து பெருக்கிய மரங்கள் முழுமையாகத் தாங்கியிருத்தல் இயலாது.

1981ஆம் ஆண்டில் தாரா மலை தேசியப் பூங்காவாக்கப்பட்டது. வெட்டுவோரிடமிருந்து மரத்தைக் காப்பது முதற்படி. தாய்த்தோப்புக்களின் விதைகளைச் சேகரித்து, நாற்றாக்கி, வெளிச்சமுள்ள இடங்களில் மீண்டும் நடுவது அதனினும் பொறுமை வேண்டும் பணி. அழகுக்காக ஒரு மரத்தை வளர்ப்போர், அம்மரம் பிறந்த மண்ணையும் ஒருகணம் நினைத்தல் நன்று.