உரிம எண்ணைக் கேட்ட பிறகு பணத்தை எடுங்கள்

19,500 ரூபாய். குவைத் சுகாதார அமைச்சகத்துக்குச் செவிலியர்களை அனுப்பிய கொச்சி நிறுவனம் ஒன்று, ஆளுக்கு வாங்கலாம் என்று அனுமதிக்கப்பட்டிருந்த சேவைக் கட்டணம் இவ்வளவுதான். அது வாங்கியதாக 2015இல் சி.பி.ஐ. பதிவு செய்த தொகை 19 லட்சத்து 50 ஆயிரம். ஏறத்தாழ 1,200 செவிலியர்களிடம் இப்படி வசூல் நடந்தது என்பது குற்றச்சாட்டு. அந்த நிறுவனத்திடம் மத்திய அரசின் உரிமம் இருந்தது. செவிலியர்களைக் காக்க வேண்டிய குடிபெயர்வோர் பாதுகாவலரின் பெயரும் அதே வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர்கள் பட்டியலில் இருந்தது.

உரிமம் பெற்ற இடத்திலேயே இந்த நிலை என்றால், உரிமமே இல்லாத இடங்களில் என்ன நடக்கும் என்பதை நம் ஊர்க் குடும்பங்கள் நன்றாக அறியும்.

வெளிநாட்டு வேலைக்கு ஆள் எடுக்கும் தொழிலை ஒழுங்குபடுத்துவது 1983ஆம் ஆண்டின் குடிபெயர்வுச் சட்டம். அதன் 10ஆம் பிரிவின்படி, பதிவுச் சான்றிதழ், அதாவது உரிமம், இல்லாத எவரும் இந்தத் தொழிலைச் செய்யக் கூடாது. சான்றிதழ் தருபவர் டெல்லியில் உள்ள குடிபெயர்வோர் தலைமைப் பாதுகாவலர். இதற்கு முகவர் பொதுவாக 50 லட்சம் ரூபாய்க்கு வங்கி உத்தரவாதம் கொடுக்க வேண்டும். வேலைக்குப் போகிறவரிடம் 30,000 ரூபாயும் அதற்கான ஜி.எஸ்.டி.யும் மட்டுமே சேவைக் கட்டணமாக வாங்கலாம். அதற்கு ரசீதும் கொடுக்க வேண்டும். விளம்பரத்தில் உரிம எண் இருந்தாக வேண்டும்.

காகிதத்தில் இவை நல்ல விதிகள். ஆனால் ராமநாதபுரத்திலோ பெரம்பலூரிலோ ஓர் இளைஞன் சவூதிக்குப் புறப்படும்போது, அவன் அப்பா எந்த அலுவலகத்துக்கும் போவதில்லை. வீட்டுத் திண்ணைக்கே ஒருவர் வருகிறார். தெரிந்தவர், பெரும்பாலும் சொந்தக்காரர். "அண்ணே, தம்பிக்கு விசா வந்திடுச்சு. வெள்ளிக்கிழமைக்குள்ள எண்பதாயிரம் கட்டலைன்னா வேற ஆளுக்குப் போயிடும்" என்கிறார். நகை அடகுக் கடைக்குப் போகிறது. பணம் கைமாறுகிறது, ரசீது கிடையாது. அந்தத் தொகை சென்னையிலோ மும்பையிலோ இருக்கும் உரிமதாரருக்குப் போய்ச் சேரும் வழியில் இரண்டு மூன்று கைகள் மாறியிருக்கும். இந்தத் துணை முகவர்களுக்குச் சட்டத்தில் இடமே இல்லை. ஆனால் தொழில் முழுக்க இவர்கள் தோளில்தான் நடக்கிறது. உரிமதாரர் கேட்டால் "அவன் யாரென்றே தெரியாது" என்று கைவிரிக்கிறார். இந்த ஓட்டையை அடைக்காமல் வங்கி உத்தரவாதத்தை எத்தனை லட்சம் உயர்த்தினாலும் அது திண்ணைக்கு எட்டாது.

தமிழர்களுக்கு இது புதிய கதையும் அல்ல. மலாயா ரப்பர் தோட்டங்களுக்கு ஆள் பிடிக்கத் தோட்டத்துக் கங்காணியைத்தான் சொந்தக் கிராமத்துக்கே அனுப்பினார்கள். அவர் கையிலும் உரிமம் இருந்தது. முன்பணமும் சாதி, உறவு நம்பிக்கையும் சேர்ந்துதான் ஆட்களைக் கப்பலேற்றின. 1922இல் இந்திய அரசு குடிபெயர்வுச் சட்டம் கொண்டுவந்தது. 1938இல் மலாயாவுக்கு இப்படி ஆள் எடுத்துப் போவதையே நிறுத்தியது. அந்த 1922 சட்டத்தின் இடத்தில் வந்ததுதான் இன்றைய சட்டம்.

தண்டனை என்ன? உரிமம் இல்லாமல் ஆள் எடுத்தால் 24ஆம் பிரிவின்கீழ் இரண்டாண்டு வரை சிறை, இரண்டாயிரம் ரூபாய் வரை அபராதம். ஒரே ஆளிடம் லட்சக்கணக்கில் சுருட்டுகிறவருக்கு இந்த அபராதம் ஒரு பொருட்டே அல்ல. போலீசார் மோசடிப் பிரிவுகளையும் சேர்த்து வழக்குப் போடுவது இதனால்தான். 2019, 2021, 2025 ஆண்டுகளில் புதிய சட்ட வரைவுகள் மக்கள் கருத்துக்காக வெளியிடப்பட்டன. ஒவ்வொரு முறையும் எதிர்பார்ப்பு எழுந்தது. அவை சட்டமாகாவிட்டாலும், அபராதத் தொகையாவது காலத்துக்கு ஏற்ப மாறியிருக்க வேண்டும்.

சட்டத்தின் இன்னொரு பலவீனம், அது யாரைப் பாதுகாக்க நினைக்கிறது என்பதில் இருக்கிறது. பத்தாம் வகுப்பு தேறாதவர்களின் பாஸ்போர்ட்டில் ஈ.சி.ஆர். (குடிபெயர்வு அனுமதி தேவை) முத்திரை இருக்கும். அவர்கள் சவூதி, குவைத், மலேசியா உள்ளிட்ட 18 நாடுகளுக்கு வேலைக்குப் போக அரசின் அனுமதி பெற வேண்டும். அப்போது ஒப்பந்தம் பார்க்கப்படும், பத்து லட்சம் ரூபாய்க் காப்பீடும் கிடைக்கும். படித்தவர் தன்னைத்தானே பார்த்துக்கொள்வார் என்பது இதன் அடிப்படை. மியான்மர் அந்த எண்ணத்தைப் பொய்யாக்கியது. தாய்லாந்தில் கணினி வேலை என்று நம்பிப் போன பட்டதாரிகள் எல்லை தாண்டி மியாவாடிக்குக் கடத்தப்பட்டு, இணைய மோசடிக் கூடங்களில் அடைக்கப்பட்டார்கள். 2022 அக்டோபரில் அவர்களில் 13 தமிழர்கள் மீட்கப்பட்டுச் சென்னை வந்து சேர்ந்தார்கள். கையில் இருந்தது சுற்றுலா விசா, பாஸ்போர்ட்டில் ஈ.சி.ஆர். முத்திரை இல்லை. விமான நிலையத்தில் அவர்களை நிறுத்திக் கேட்கச் சட்டத்தில் வழியில்லை.

சிங்கப்பூர் அந்த 18 நாடுகளில் இல்லை. அதனால் சிங்கப்பூருக்கு ஆள் அனுப்ப உரிமமே தேவையில்லை என்று சில டிராவல்ஸ்காரர்கள் சொல்வதுண்டு. அது பொய். எந்த நாட்டு வேலைக்கு ஆள் எடுத்தாலும் உரிமம் வேண்டும். விமான டிக்கெட் விற்கும் கடைக்கு ஆள் எடுக்கும் உரிமை கிடையாது.

சட்டம் திருந்தும்வரை வீட்டில் செய்யக்கூடியவை சில உண்டு. வெளியுறவு அமைச்சகத்தின் 'இ-மைக்ரேட்' இணையதளத்தில் உரிமம் பெற்ற முகவர்களின் பெயரும் முகவரியும் மாநில வாரியாக இருக்கின்றன; உரிமம் இல்லாதவர்களின் பட்டியலும் இருக்கிறது. முகவர் தரும் எண்ணைச் செல்பேசியிலேயே சரிபார்க்கலாம். எண் சரியாக இருந்தாலும், பேசுகிற ஆள் அந்த நிறுவனத்தைச் சேர்ந்தவர்தானா என்று அதன் அலுவலகத்துக்கே போன் போட்டுக் கேட்க வேண்டும். முகவர் வேண்டாம் என்பவர்களுக்குத் தமிழ்நாடு அரசின் அயல்நாட்டு வேலைவாய்ப்பு நிறுவனம் 1978 முதல் இயங்கி வருகிறது. சந்தேகம் இருந்தால் அமைச்சகத்தின் 1800 11 3090 என்ற இலவச எண்ணில் கேட்கலாம்.

ஏமாந்த பிறகு பலர் வாய் திறப்பதில்லை. அரசு அனுமதி இல்லாமல் வழக்குப் போட முடியாது என்று யாரோ சொல்லிவிடுகிறார்கள். பாதிக்கப்பட்டவரோ, அவருக்காக அவரது பெற்றோர், கணவன் அல்லது மனைவி, பிள்ளைகள், உடன்பிறந்தோரோ புகார் கொடுத்தால், 27ஆம் பிரிவின்படி அந்த அனுமதி தேவையில்லை. மகன் பாலைவனத்தில் மாட்டிக்கொண்டிருந்தாலும் ஊரில் இருக்கும் தாய் புகார் கொடுக்கலாம். தயங்காமல் கொடுங்கள்.