நோயின் பெயர் தவறினால்



வீட்டிலே ஒருவருக்குக் காய்ச்சல் வந்துவிட்டால் அயலார் முதலிற் கேட்கும் கேள்வி, "என்ன காய்ச்சலாம்?" என்பதே. நோய்க்கு ஒரு பெயர் கிடைத்துவிட்டால் நமது அச்சத்திற் பாதி நீங்கிவிடுகிறது. பெயர் தெரிந்தால் மருந்தும் தெரியும், பத்தியமும் தெரியும் என்று நம்புகிறோம். ஆயின், அந்தப் பெயரே தவறாக இருந்தால்? ஒரு நோயை வேறொரு நோயென்று எண்ணி, அந்த வேறு நோய்க்குரிய தடுப்பூசியை ஊரெல்லாம் ஏற்றிக்கொண்டிருந்தால்? அவ்வாறு நிகழ்ந்த ஒரு வரலாற்றையும், அந்தத் தவற்றைத் திருத்திய ஒரு பல்கலைக்கழக ஆய்வுகூடத்தையும், அங்கே தொடங்கிய பாதை இன்று எவ்விடத்தை அடைந்திருக்கிறது என்பதையும் பற்றியே இப்பொழுது பேச எண்ணுகிறேன்.

1998ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம். மலேசியாவிலே, பேராக் மாநிலத்தில் ஈப்போ நகரை அடுத்த பன்றிப் பண்ணைகளில் வேலை செய்தோர் சிலர் கடுங்காய்ச்சலுக்கு ஆளாயினர். தலைவலி, மயக்கம், நினைவிழப்பு என நோய் முற்றிச் சிலர் மாண்டனர். மூளையைத் தாக்கும் காய்ச்சல் இது என்பது வைத்தியர்களுக்குத் தெளிவாயிற்று. பன்றி வளர்க்கும் இடங்களில் மூளைக்காய்ச்சல் என்றால் உடனே நினைவுக்கு வருவது யப்பானிய மூளைக்காய்ச்சல். அந்நோயின் வைரசு பன்றியின் உடலிற் பெருகி, நுளம்பின் வாயிலாக மனிதரை வந்தடைவது. எண்பதுகளில் நமது அநுராதபுரப் பகுதியிலும் அந்நோய் பரவியதை நேயர்கள் சிலர் அறிந்திருப்பீர்கள். நோயாளர் சிலருடைய இரத்தத்தில் அந்நோயின் அடையாளங்களும் காணப்பட்டன. ஆகவே அதிகாரிகள் அந்தப் பெயரையே இந்நோய்க்குச் சூட்டினர். நுளம்பை ஒழிக்கப் புகை அடித்தனர், தடுப்பூசியும் ஏற்றினர். அன்றைய அறிவுக்கு அது நியாயமான முடிவே.

ஆனால் நோய் அடங்கவில்லை. நோயுற்ற பண்ணைகளிலிருந்து விற்கப்பட்ட பன்றிகள் தெற்கே நெகிரி செம்பிலான் மாநிலத்துக்குச் சென்றன. அவற்றின் பின்னே நோயும் சென்றது. 1999ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அங்கே சாவு பெருகியது.

அப்பொழுது சிலருடைய உள்ளத்தில் ஐயம் எழுந்தது. யப்பானிய மூளைக்காய்ச்சல் பெரும்பாலும் சிறுவரைத் தாக்குவது. இங்கோ நோயுற்றோர் பெரும்பாலும் வளர்ந்த ஆடவர். நுளம்பு ஆள் பார்த்துக் கடிப்பதில்லை. அப்படியிருக்கப் பன்றியைத் தொட்டு வேலை செய்தவர் வீழ, அயல் வீட்டில் இருந்தவர் நலமாக இருப்பது எவ்வாறு? தடுப்பூசி ஏற்றிக்கொண்டவர்களும் நோயுற்றனரே, அது ஏன்? இவற்றுக்கெல்லாம் மேலாக, பன்றிகளே நோயுற்றிருந்தன. நெடுந்தூரம் கேட்கும்படி அவை உரத்து இருமின. யப்பானிய மூளைக்காய்ச்சலின் வைரசு பன்றியின் உடலிற் பெருகினாலும், அதனை இவ்வாறு இருமச் செய்வதில்லை.

இந்த ஐயங்களுக்கு விடை கிடைத்த இடம் கோலாலம்பூரிலுள்ள மலாயாப் பல்கலைக்கழகத்தின் மருத்துவ நுண்ணுயிரியற் பிரிவு. 1999ஆம் ஆண்டு மார்ச்சு மாதத் தொடக்கத்தில், சுவா கோ பிங் என்னும் வைத்திய ஆராய்ச்சியாளர், நோயாளர் சிலரின் முள்ளந்தண்டிலிருந்து ஊசியால் எடுக்கப்பட்ட நீரை, ஆய்வுகூடத்தில் வளர்க்கப்படும் குரங்கின் சிறுநீரகக் கலங்களில் இட்டு வைத்தார். சில நாட்களில் அக்கலங்கள் தம்முடைய எல்லைகளை இழந்து, ஒன்றோடொன்று கலந்து, பெருங் கலங்களாக மாறியிருந்தன. தனித்தனி வீடுகளின் சுவர்கள் இடிந்து ஒரே கூடமானதைப் போன்ற தோற்றம் அது. யப்பானிய மூளைக்காய்ச்சலின் வைரசிடம் எதிர்பார்க்கத்தக்க மாற்றமன்று அது.

அவ்வைரசை அவர் ஐக்கிய அமெரிக்காவில் கொலராடோ மாநிலத்திலுள்ள நோய்க் கட்டுப்பாட்டு நிலையத்தின் ஆய்வுகூடத்துக்குக் கொண்டு சென்றார். இலத்திரன் நுணுக்குக்காட்டியில் வைத்துப் பார்த்தபொழுது, சின்னமுத்து, கூகைக்கட்டு ஆகிய நோய்களை உண்டாக்கும் வைரசுக் குடும்பத்தைச் சேர்ந்தது இது என்பது தெரிந்தது. 1994இல் அவுஸ்திரேலியாவின் பிரிஸ்பேன் நகரில் குதிரைகளையும் அவற்றைப் பழக்கிய ஒருவரையும் கொன்ற ஹெண்ட்ரா வைரசுக்கு இது நெருங்கிய உறவென்பதும் பின்னர் உறுதியாயிற்று. அதுவரை உலகம் அறியாத வைரசு. சுங்கை நிபா என்னும் ஊரவர் ஒருவரிடமிருந்து பெறப்பட்டமையால் நிபா வைரசு எனப் பெயர் பெற்றது.

பெயர் திருந்தியவுடன் செயலும் திருந்தியது. நுளம்பின் மீதிருந்த கவனம் பன்றியின் மீது திரும்பியது. பன்றிகளை இடம் பெயர்ப்பது தடுக்கப்பட்டது. பத்து இலட்சத்துக்கு மேற்பட்ட பன்றிகள் கொல்லப்பட்டன. 1999 மே மாதமளவில் நோய் ஓய்ந்தது. அதற்குள் மலேசியாவில் 265 பேர் நோயுற்று, அவர்களுள் 105 பேர் இறந்துவிட்டனர். சிங்கப்பூரிலும், அங்கிருந்து கொண்டுவரப்பட்ட பன்றிகளை அறுக்கும் தொழிலில் ஈடுபட்டோர் 11 பேர் நோயுற்று ஒருவர் இறந்தார். பல தலைமுறைகளாகப் பன்றி வளர்த்து வாழ்ந்த ஊர்கள் தம் தொழிலை முற்றாக இழந்தன. ஐயம் சில மாதங்கள் முந்தி எழுந்திருந்தால் இந்த எண்கள் சிறியனவாக இருந்திருக்குமல்லவா என்று எண்ணாமல் இருக்க முடியவில்லை.

இனி, பன்றிக்கு இந்நோய் எங்கிருந்து வந்தது? ஹெண்ட்ரா வைரசு பழந்தின்னி வௌவால்களிடம் வாழ்வது என்று முன்னரே தெரிந்திருந்தமையால், ஆராய்ச்சியாளர் அவற்றையே நாடினர். மலேசியாவின் கிழக்குக் கரைக்கு அப்பாலுள்ள தியோமான் தீவில், வௌவால்கள் தொங்கும் மரங்களின் கீழே பிளாஸ்டிக் விரிப்புகளை விரித்து, மேலிருந்து விழும் சிறுநீரைச் சேகரித்தனர். அதிலும், அவை கடித்துப்போட்ட பழத்திலும் நிபா வைரசு கிடைத்தது. பன்றிக் கொட்டில்களின் ஓரத்திலே மாமரங்களும் பிற பழ மரங்களும் நின்றன. வௌவால் கடித்த பழம் கொட்டிலினுள் விழுந்தது, பன்றி தின்றது, பன்றியிடமிருந்து மனிதன் பெற்றான். வௌவாலுக்கோ இந்த வைரசால் யாதொரு தீங்கும் இல்லை. இரண்டும் நெடுங்காலம் கூடி வாழப் பழகியவை. புதிய நோய் என்று நாம் அழைப்பவற்றுட் பல உண்மையிற் புதியன அல்ல. அவை இருந்த இடத்திலே இருந்தன. அவற்றின் வழியிலே நாம் சென்று நின்றோம்.

மலேசியாவில் ஓய்ந்த நோய் வேறிடங்களிலே தலைகாட்டிற்று. 2001ஆம் ஆண்டு பங்களாதேசத்திலும், மேற்கு வங்காளத்தின் சிலிகுரி நகரிலும் அது தோன்றியது. பங்களாதேசத்தில் அதன் பின் ஏறக்குறைய ஆண்டுதோறும் வருகிறது. அங்கே பன்றி இடைநிற்கவில்லை. பனிக்காலத்தில் ஈச்சமரத்தைச் சீவி, முட்டி கட்டி, இரவு முழுவதும் சாறு இறக்கி, விடியற்காலையிற் பச்சையாகக் குடிப்பது அந்நாட்டு வழக்கம். நமது யாழ்ப்பாணத்துக் கருப்பநீரை நினைத்துக்கொள்ளுங்கள். இரவிலே வௌவால் வந்து அதே சாற்றை நக்கிவிட்டுப் போகிறது. சீவிய இடத்தையும் முட்டியையும் மூங்கிற் தட்டியால் மூடிவிட்டால் வௌவால் அணுக முடியாது என்பதையும் ஆராய்ச்சியாளர் செய்து காட்டினர். மிக எளிய காப்பு. ஆயினும் நோயின் வழி தெரிந்த பின்னரே அந்த எளிமை நம் கைக்கு வந்தது.

2018ஆம் ஆண்டு மே மாதம் கேரளத்தின் கோழிக்கோட்டில் இந்நோய் தோன்றியபொழுது, நோயாளரைப் பராமரித்த தாதி ஒருவரும் உயிரிழந்தார். மனிதனிடமிருந்து மனிதனுக்கும், சிறப்பாக வைத்தியசாலைகளில், இது தொற்றவல்லது. நோயுற்றவருள் நூற்றுக்கு 40 முதல் 75 பேர் வரை இறக்கலாம் என உலக சுகாதார நிறுவனம் மதிப்பிடுகிறது. இதனாலேயே தடுப்பூசியின் தேவை பெரிதாயிற்று.

தடுப்பூசி எவ்வாறு ஆக்கப்படுகிறது? நிபா வைரசின் மேற்பரப்பிலே இருவகைப் புரதங்கள் உள்ளன. ஒன்று நமது கலத்தின் கதவைப் பற்றிக்கொள்வது. மற்றது உள்ளே புகுவதற்கு வழி திறப்பது. ஒரு திருடன் வீட்டுக்குக் கள்ளச்சாவி வைத்திருக்கிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள். திருடனையே அழைத்து வந்து காவலாளனுக்குக் காட்டுவது ஆபத்து. அவனுடைய சாவியை மட்டும் காட்டினாற் போதும். அதே சாவியோடு எவன் வந்தாலும் காவலாளன் கண்டுகொள்வான். தடுப்பூசியும் இதையே செய்கிறது. வைரசைக் கொண்டுவராமல், அதன் புரதத்தை மட்டும் உடலுக்கு அறிமுகஞ் செய்கிறது. அதைக் கண்ட உடல், பிறபொருளெதிரி என்னும் காப்புப் பொருளை ஆக்கி, பின்னர் வரக்கூடிய வைரசை எதிர்க்க ஆயத்தமாகிறது. இம்முறையில் ஹெண்ட்ரா நோய்க்கு எதிராகக் குதிரைகளுக்கு ஆக்கப்பட்ட தடுப்பூசி 2012ஆம் ஆண்டு முதல் அவுஸ்திரேலியாவில் வழங்கப்படுகிறது.

மனிதருக்கான முயற்சிகளுள் ஒன்று இங்கிலாந்தின் ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழகத்தில் நடைபெறுகிறது. சிம்பன்சிக் குரங்குகளுக்குத் தடிமன் உண்டாக்கும் ஒரு வைரசை, உடலிற் பெருக முடியாதபடி மாற்றி, நிபாவின் புரதத்துக்குரிய கட்டளையை அதனுள் வைத்து அனுப்புகின்றனர். இது நமக்கு முற்றிலும் அந்நியமான முறையன்று. 2021ஆம் ஆண்டு சனவரி 29ஆம் நாள் இலங்கையில் ஏற்றத் தொடங்கிய முதலாவது கொரோனாத் தடுப்பூசி இதே வாகனத்தில் வந்ததே. நேயர்களுட் பலருடைய தோளும் அதை அறியும். கொரோனா வைரசின் மரபுக் குறிப்பு 2020 சனவரியில் வெளிவர, ஏப்பிரல் 23ஆம் நாளே ஒக்ஸ்போர்டில் மனிதரிற் பரிசோதனை தொடங்கியது. இத்துணை விரைவு எவ்வாறு கைகூடிற்று? மத்திய கிழக்கில் 2012இல் தோன்றிய மற்றொரு கொரோனா நோய்க்காக அவர்கள் முன்னரே அதே வாகனத்தை ஆயத்தஞ் செய்திருந்தனர். அந்நோய் உலகெங்கும் பரவவில்லை. ஆயினும் அதற்காகச் செய்த உழைப்பு வீண்போகவில்லை. அத்தடுப்பூசி மிக அரிதாகச் சிலருக்கு இரத்தம் உறையும் கோளாற்றை உண்டாக்கியதும் பின்னர் கண்டறியப்பட்டது. ஒவ்வொரு தடுப்பூசியையும் பொறுமையோடு, படிப்படியாகச் சோதிக்க வேண்டியதன் காரணம் இதுவே.

நிபாத் தடுப்பூசி முதலில் வெள்ளெலி போன்ற சிறு பிராணிகளிலும் பின்பு குரங்குகளிலும் சோதிக்கப்பட்டு, அவற்றைக் காத்தது. 2024ஆம் ஆண்டு சனவரியில், நலமுள்ள 51 பேரைக் கொண்ட முதற்கட்டச் சோதனை ஒக்ஸ்போர்டில் தொடங்கியது. 2025ஆம் ஆண்டின் இறுதியில், நோய் உண்மையில் வாழும் பங்களாதேசத்திலே இரண்டாம் கட்டம் தொடங்கியது.

வைரசு கண்டுபிடிக்கப்பட்டுக் கால் நூற்றாண்டு கழிந்த பின்னரா இது என்று நீங்கள் கேட்கலாம். கேள்வி நியாயமானது. இவ்வைரசை உயிரோடு கையாள மிக உயர்ந்த காப்புடைய ஆய்வுகூடம் வேண்டும். அத்தகையவை உலகிற் சிலவே. நோயுறுவோர் தொகை ஆண்டுக்குச் சிலராகவோ சில பதின்மராகவோ இருப்பதால், தடுப்பூசி உண்மையிற் காக்கிறதா என்று அறியப் பெருந்தொகையான மக்களிற் சோதிப்பதும் அரிது. இவற்றினும் பெரிய தடை ஒன்றுண்டு. வறிய கிராமத்து மக்கள் சிலருக்கு வரும் நோய்க்கு மருந்து ஆக்கினால் வாங்குவோர் யார்? இலாபம் நோக்கும் நிறுவனம் அதிலே முதலிட முன்வருவதில்லை. மேற்கு ஆபிரிக்காவில் 2014 முதல் 2016 வரை எபோலா நோய் பதினோராயிரத்துக்கு மேற்பட்டோரைக் கொன்ற பின்னரே, இத்தகைய நோய்களின் தடுப்பூசிகளுக்கு நிதி உதவுவதற்கென 2017இல் ஓர் அனைத்துலகக் கூட்டணி அமைந்தது. அதன் தொடக்கப் பட்டியலிலேயே நிபாவும் இடம் பெற்றது.

வாங்குவார் இல்லாத பொருளுக்காகவும் உழைக்கும் இடம் பல்கலைக்கழகம். இன்று சிலரையே தாக்கும் நோயை நாளை பலரைத் தாக்கக்கூடியதென எண்ணி ஆராய்வது வீண்செலவு போலத் தோன்றலாம். மழை வருமுன் கூரை வேய்பவனும் வெயிலில் நின்று வீண்வேலை செய்பவன் போலவே தோன்றுவான்.

இதைக் கேட்டு எவரும் வௌவால்களின்மேற் பகை கொள்ள வேண்டா. பேராதனைப் பூங்காவிலே ஆயிரக்கணக்கில் தொங்கும் அவ்வுயிர்கள் மகரந்தத்தைப் பரப்பி, விதைகளைத் தூவிக் காட்டை வளர்ப்பவை. அவற்றை விரட்டுவதால் நன்மையில்லை. அணிலோ வௌவாலோ கடித்த பழத்தை உண்ணாதிருத்தல், பழத்தைக் கழுவித் தோலுரித்து உண்ணல், இறக்கும் பானங்களை மூடி வைத்தல், நோயாளரைப் பராமரிப்போர் கையுறையும் முகமூடியும் அணிந்து கைகளைச் சவர்க்காரமிட்டுக் கழுவுதல் ஆகிய இவையே நாம் செய்யத்தக்கன.

மலேசியாவில் நிபா நோயின்போது ஏற்றப்பட்ட தடுப்பூசி கெட்ட தடுப்பூசியன்று, நல்ல தடுப்பூசியே. ஆனால் அது வேறு நோய்க்கு உரியது. கேடயம் எத்துணை வலிதாயினும், அம்பு வரும் திசை தெரியாதவனுக்கு அது பயன்படுவதில்லை. அத்திசையை நமக்குக் காட்டியது, எல்லோரும் ஒப்புக்கொண்ட ஒரு பெயரை ஐயுற்று, ஒரு சிறிய ஆய்வுகூடத்திலே ஒருவர் மீண்டும் கேட்ட அதே பழைய கேள்விதான்: "என்ன காய்ச்சல் இது?"