கொம்பு இடம் மாறினால் ஊர்ப் பெயர் உடையும்!

"சித்தையன்கோட்டை" என்று எழுதுங்கள், பார்க்கலாம்.

மூன்றாம் வகுப்புப் பையன்கூட உடனே எழுதிவிடுவான். மொத்தம் 8 எழுத்துகள். ஆனால், இந்த 8 எழுத்துகளைத் திரையில் ஒழுங்காக நிறுத்திவைக்கக் கம்ப்யூட்டர் பட்ட பாடு கொஞ்சம் அல்ல!

திண்டுக்கல் மாவட்டத்தில், ஆத்தூர் தாலுகாவில் இருக்கிறது சித்தையன்கோட்டை. நெல்வயலும் தென்னந்தோப்பும் சூழ்ந்த பேரூர்.

இந்த ஊரில் நிலம் வைத்திருப்பவர் பட்டா நகல் எடுக்கிறார். பிள்ளையைக் கல்லூரியில் சேர்க்கச் சான்றிதழ் வாங்குகிறார். வாக்காளர் பட்டியலில் பெயர் இருக்கிறதா என்று பார்க்கிறார். எல்லாவற்றிலும் ஊர்ப் பெயர் கம்ப்யூட்டரில் இருந்துதான் அச்சாகி வருகிறது.

அந்தப் பெயர் உடையாமல் வருவதற்குப் பின்னால், கண்ணுக்குத் தெரியாத ஒரு சின்னப் பைல் உழைத்திருக்கிறது. அந்தப் பைலைச் சோதித்துப் பார்த்தவர்களும் உழைத்திருக்கிறார்கள்.

8 எழுத்து, 15 எண்

கம்ப்யூட்டருக்கு எழுத்து தெரியாது. எண் மட்டுமே தெரியும். ஆகவே, ஒவ்வொரு எழுத்துக்கும் ஓர் எண் கொடுத்திருக்கிறார்கள். உலக மொழிகளுக்கெல்லாம் பொதுவான இந்த ஏற்பாட்டுக்கு "யூனிகோடு" என்று பெயர். அதன் முதல் பதிப்பு 1991-ல் வந்தது. அதிலேயே தமிழுக்கு இடம் கிடைத்தது.

தமிழில் 247 எழுத்துகள் உண்டு. யூனிகோடு அத்தனைக்கும் தனித்தனி எண் கொடுக்கவில்லை. உயிர் எழுத்துகள், "க, ங, ச" வரிசை, கொம்பு, கால், கொக்கி, புள்ளி இவற்றுக்குத்தான் எண்.

"சி" என்றால், முதலில் "ச", அடுத்து கொக்கி. ஆக, 2 எண்கள். "த்" என்றால், "த"வும் புள்ளியும். இதுவும் 2 எண்கள். இப்படியே கூட்டிக்கொண்டு போனால், சித்தையன்கோட்டைக்கு 15 எண்கள் வரும்.

சிக்கல் இங்கேதான் ஆரம்பிக்கிறது.

"தை" எழுதும்போது நாம் முதலில் கொம்பைப் போடுகிறோம். பிறகு "த" எழுதுகிறோம். கம்ப்யூட்டரோ, சொல்லும் வரிசையில் வைத்துக்கொள்கிறது. முதலில் "த". பிறகு ஐகாரக் கொம்பு. உள்ளே இருக்கிறபடியே திரையில் காட்டினால், கொம்பு வலது பக்கம் போய் உட்கார்ந்துவிடும்!

"கோ" இன்னும் வேடிக்கை. உள்ளே ஓகாரக் குறிக்கு ஒரே ஓர் எண். திரையில் அது இரண்டாகப் பிரிய வேண்டும். இரட்டைக் கொம்பு "க"வுக்கு இடப்பக்கம் வரவேண்டும். கால், வலப்பக்கம் வரவேண்டும்.

இந்த வேலை நடக்காவிட்டால், எழுத்து ஓர் இடத்திலும் கொம்பு ஓர் இடத்திலும் நிற்கும். சார்ந்து நிற்க எழுத்து கிடைக்காத கொம்பின் பக்கத்தில், புள்ளிப் புள்ளியாக ஒரு வட்டம் தோன்றும். பல பேர் இந்த வட்டத்தைப் பார்த்திருப்பார்கள்.

ஊர்ப் பொதுப் பாத்திரம்

கொம்பை எடுத்து இடப்பக்கம் வைக்கும் வேலையை விண்டோஸ் கம்ப்யூட்டரில் செய்தது, "யுஎஸ்பி10" என்ற பைல். (பென் டிரைவ் செருகும் யு.எஸ்.பி. வேறு. இது வேறு.) இப்படிப்பட்ட பைல்களுக்கு "டி.எல்.எல்." என்று பெயர். தமிழில், "நூலகப் பைல்" எனலாம்.

நூலகப் பைல் என்றால் என்ன?

கல்யாணத்துக்குப் பெரிய அண்டா வேண்டும். அதற்காக ஒவ்வொரு வீட்டிலும் அண்டா வாங்கி வைப்பது இல்லை. ஊர்ப் பொதுவில் பாத்திரம் இருக்கும். வேண்டும்போது எடுத்துக்கொள்வார்கள். வேலை முடிந்ததும் வைத்துவிடுவார்கள்.

நூலகப் பைலும் அப்படித்தான். கடிதம் எழுதும் புரோகிராமுக்கும் தமிழ் எழுத்தை அடுக்கத் தெரிய வேண்டும். கணக்குப் போடும் புரோகிராமுக்கும் தெரிய வேண்டும். தனித்தனியே அந்த வித்தையைக் கற்றுக்கொடுத்தால் இடமும் வீண், உழைப்பும் வீண். பொதுவாக ஒரு பைலில் வைத்துவிட்டால், எல்லாப் புரோகிராமும் இரவல் வாங்கிக்கொள்ளும்.

இதில் வசதி உண்டு. ஆபத்தும் உண்டு.

பொது அண்டாவை எடுத்துவிட்டு, யாரோ வேறு அளவு அண்டாவை வைத்துவிட்டால் என்ன ஆகும்? வைத்தவர் வீட்டு விருந்து நன்றாக நடக்கும். அடுத்த வீட்டு விருந்து கெடும்! விண்டோசில் இதுவே நடந்தது. ஒரு புரோகிராம் தனக்கு வேண்டிய நூலகப் பைலைக் கொண்டுவந்து, பழையதன் மேல் போட்டுவிடும். மறுநாள் வேறொரு புரோகிராம் படுத்துவிடும். இந்தத் தொல்லைக்குக் கம்ப்யூட்டர்காரர்கள் வைத்த பெயர், "டி.எல்.எல். நரகம்"!

தமிழ் வந்த வழி

முன்பெல்லாம், தமிழில் டைப் செய்ய ஒவ்வொருவரும் ஒரு எழுத்துரு வைத்திருந்தார்கள். இவர் அனுப்பிய கடிதம் அவருடைய கம்ப்யூட்டரில் கிறுக்கலாகத் தெரியும். இந்தக் குழப்பத்தைத் தீர்க்க, 1999 பிப்ரவரியில் சென்னையில் "தமிழ்நெட் 99" மாநாடு நடந்தது. "தமிழ்99" விசைப்பலகை பிறந்தது அப்போதுதான்.

2000-ம் ஆண்டு பிப்ரவரியில் "விண்டோஸ் 2000" வந்தது. யூனிகோடு தமிழைத் தாங்கிவந்த முதல் விண்டோஸ் அது. "லதா" என்ற தமிழ் எழுத்துரு அதில் இருந்தது. எழுத்துகளை அடுக்க, யுஎஸ்பி10 பைலும் இருந்தது.

அடுத்த ஆண்டு "விண்டோஸ் எக்ஸ்பி" வந்தது. அதில் தமிழ் தானாகத் தெரியாது. கன்ட்ரோல் பேனலில் போய், ஒரு கட்டத்தில் டிக் அடிக்க வேண்டும். விண்டோஸ் சி.டி.யையும் கேட்கும். சி.டி. கையில் இல்லாதவருக்குத் தமிழ் இல்லை! 2007-ல் விற்பனைக்கு வந்த "விஸ்டா"வில்தான் இந்தத் தொல்லை தீர்ந்தது.

2010 ஜூன் மாதம் கோவையில் உலகத் தமிழ்ச் செம்மொழி மாநாடு நடந்தது. அந்தச் சமயத்தில், யூனிகோடையும் "டேஸ் 16" என்ற முறையையும் தமிழக அரசு ஏற்று ஆணை பிறப்பித்தது.

கொல்லைப்புறச் சோதனை

எழுத்துருவும் புதிது. எழுத்தை அடுக்கும் பைலும் புதிது. இரண்டும் ஒத்துப்போகிறதா என்று எப்படிப் பார்ப்பது?

எழுத்துரு செய்கிறவர்களுக்காக மைக்ரோசாப்ட் நிறுவனம் "வோல்ட்" என்ற கருவியைக் கொடுத்தது. அதைப் பயன்படுத்தியவர்கள், யுஎஸ்பி10-ன் புதிய பதிப்பு கிடைத்தபோதெல்லாம் அதை வைத்துத் தங்கள் எழுத்துருவைச் சோதித்தார்கள்.

புதுப் பைலைப் பொது இடத்தில் போட்டால் ஆபத்து. போடவும் முடியாது. விண்டோஸ் 2000-ல் அதற்குக் காவல் உண்டு. யாராவது பொதுப் பைலை மாற்றினால், விண்டோஸ் பழையதையே திரும்பக் கொண்டுவந்து வைத்துவிடும்.

ஆனால், ஒரு வழி இருந்தது. ஒரு புரோகிராம் நூலகப் பைலைத் தேடும்போது, முதலில் தன் சொந்த போல்டரில் பார்க்கும். அங்கே இல்லாவிட்டால்தான் பொது இடத்துக்குப் போகும். ஆகவே, ஒரே ஒரு புரோகிராமின் போல்டரில் மட்டும் புதுப் பைலை வைத்தார்கள். புது அண்டாவில், தன் வீட்டுக் கொல்லைப்புறத்தில் முதலில் பொங்கிப் பார்ப்பதுபோல! பொங்கல் கெட்டாலும் ஊர் விருந்து கெடாது.

என்னென்ன சோதிக்க வேண்டும்?

"கை" சரியாக வருகிறதா? "கொ", "கோ", "கௌ" மூன்றிலும் கொம்பும் காலும் இடத்தில் நிற்கின்றனவா? "க்ஷ" ஒட்டி வருகிறதா? "ஸ்ரீ" உடைகிறதா? அழிக்கும் விசையைத் தட்டினால் எது அழிகிறது?

சித்தையன்கோட்டை என்ற பெயரை எழுதிப் பார்த்தாலே பாதிச் சோதனை முடிந்துவிடும். கொக்கி, புள்ளி, ஐகாரக் கொம்பு, ஓகாரம் எல்லாம் அந்த ஒரு பெயரில் இருக்கின்றன.

கண்ணை ஏமாற்றும் எழுத்து

கண்ணுக்குச் சரியாகத் தெரிந்தால் போதுமா? போதாது!

"கோ"வை இரண்டு விதமாக எழுதலாம். "க"வுக்குப் பின் ஓகாரக் குறியை ஒரே எண்ணாகப் போடலாம். அல்லது, இரட்டைக் கொம்பையும் காலையும் இரண்டு எண்களாகப் போடலாம். திரையில் இரண்டும் ஒன்றுபோலவே இருக்கும். உள்ளே ஒன்று 15 எண். மற்றொன்று 16 எண்.

ஓர் அலுவலகத்தில் 16 எண்ணாகப் பதிந்த ஊர்ப் பெயரை, வேறொருவர் 15 எண்ணாக அடித்துத் தேடுகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டும் ஒன்றே என்று அறியாத புரோகிராமாக இருந்தால், "அப்படி ஓர் ஊரே இல்லை" என்று சொல்லிவிடும்!

"கௌ" என்ற எழுத்திலும் இதே கதை. சிலர் ஒற்றைக் கொம்பு, "க", "ள" என்று தனித்தனியாக அடித்துவிடுகிறார்கள். பார்வைக்குக் "கௌரி"தான். தேடினால் அகப்படமாட்டாள்!

85 லட்சம் கம்ப்யூட்டர்

சோதனையில் கோட்டைவிட்டால் என்ன ஆகும் என்பதை, 2024 ஜூலை 19-ந்தேதி உலகமே பார்த்தது.

"கிரவுட்ஸ்ட்ரைக்" என்பது கம்ப்யூட்டருக்குக் காவல் புரோகிராம் செய்யும் அமெரிக்க நிறுவனம். அன்று அது ஒரு புதிய பைலை அனுப்பியது. அது டி.எல்.எல். அல்ல. காவல் புரோகிராம் படிக்கும் தகவல் பைல்தான். ஆனாலும், அது போய்ச் சேர்ந்த கம்ப்யூட்டர்கள் நீலத்திரை காட்டி நின்றன. பாதிக்கப்பட்டவை சுமார் 85 லட்சம் என்று மைக்ரோசாப்ட் சொன்னது.

இந்தியாவிலும் விமான நிலையங்களில் பயணிகள் காத்துக்கிடந்தார்கள். சிலருக்குப் போர்டிங் பாஸ் பேனாவால் எழுதிக் கொடுக்கப்பட்டது!

அந்தப் பைலைச் சோதிக்காமலா அனுப்பினார்கள்? சோதித்தார்கள். சோதிக்கும் புரோகிராமிலேயே பிழை இருந்தது. அதோடு, முதலில் கொஞ்சம் பேருக்கு அனுப்பிப் பார்க்காமல், எல்லோருக்கும் ஒரே நேரத்தில் அனுப்பிவிட்டார்கள். கொல்லைப்புறத்தில் பொங்கிப் பார்க்கவில்லை!

வீட்டில் கம்ப்யூட்டர் இருக்கிறதா?

சில நேரம், "டி.எல்.எல். பைல் காணவில்லை" என்று திரையில் செய்தி வரும். உடனே, முன்பின் தெரியாத இடத்தில் இருந்து அந்தப் பைலை இறக்கிப் போடாதீர்கள். புரோகிராம் தன் போல்டரில்தான் முதலில் தேடும் என்பது திருடர்களுக்கும் தெரியும். அதே பெயரில் கள்ளப் பைலைக் கொடுத்துவிடுவார்கள்.

எந்தப் புரோகிராம் கேட்கிறதோ, அதைச் செய்தவரிடம் இருந்தே வாங்கி மறுபடியும் நிறுவுங்கள். பழுதானது விண்டோசின் சொந்தப் பைல் என்றால், அதைச் சரிபார்த்து மாற்ற விண்டோசிலேயே கருவி இருக்கிறது.

பட்டாவோ, சான்றிதழோ வாங்கினால், அங்கேயே நின்று ஒரு முறை படித்துப் பாருங்கள். உங்கள் பெயர், தகப்பனார் பெயர், ஊர்ப் பெயர் மூன்றிலும் கொம்பும் காலும் இடத்தில் இருக்கின்றனவா? புள்ளி வட்டம் ஏதாவது தெரிகிறதா? தெரிந்தால், கையோடு சொல்லித் திருத்தி வாங்குங்கள்.

வீட்டுக்கு வந்தபின் பார்த்தால், அதற்காக மறுபடியும் பஸ் ஏற வேண்டியிருக்கும்.